காட்டுக்குதிரையும் வாகனக் குதிரையும்

கௌபாய் படங்களில் துப்பாக்கிச் சத்தம் அதிகம் கேட்காத வகை ஒன்று உண்டு. மேய்ச்சல் பண்ணை வைத்துப் பிழைக்கும் ஒரு குடும்பம், பெற்றவர் சொல் கேளாத ஒரு பிள்ளை, கயிற்றுக்கு அடங்காத ஒரு குதிரை இருந்தால் கதை நடந்துவிடும். மேரி ஓஹாரா 1941-இல் எழுதிய 'மை ஃபிரண்ட் ஃபிளிக்கா' நாவல் இதற்கு நல்ல உதாரணம். வயோமிங் மாநிலப் பண்ணையில் வளரும் கென் படிப்பில் கோட்டைவிடும் பையன். குதிரைக்குட்டி ஒன்றை எடுத்துக்கொள்ளலாம் என்று அப்பா சொன்னதும், முரட்டுத் தாய்க்குப் பிறந்த குட்டியைத்தான் கேட்கிறான். அது தப்பி ஓடப்போய் முள்கம்பியில் கிழிபட்டு, புண் புரையோடிச் சாகக் கிடக்கிறது. சுட்டுவிடலாம் என்று அப்பா முடிவெடுக்கிறார். பையனோ இரவெல்லாம் ஓடைத் தண்ணீரில் அதைத் தாங்கிப் பிடித்தபடி உட்கார்ந்திருக்கிறான். குட்டி தேறும்போது, அப்பனுக்கும் பிள்ளைக்கும் நடுவே இருந்த முறைப்பும் இளகிவிடுகிறது. 1943-இல் இது படமானது. 2006-இல் பையனுக்குப் பதில் ஒரு பெண்ணை வைத்து மறுபடி எடுத்தார்கள்.

தமிழில் இதே உணர்ச்சியைக் குதிரை இல்லாமலே காட்டியவர் சாண்டோ சின்னப்பா தேவர். அவருடைய தேவர் பிலிம்ஸின் முதல் படமான 'தாய்க்குப் பின் தாரம்' (1956) படத்தில் எம்.ஜி.ஆர். காளையை அடக்கினார். 1964 பொங்கலுக்கு வந்த 'வேட்டைக்காரன்' எம்.ஜி.ஆருக்குக் கௌபாய் தொப்பி மாட்டியது. இந்த வகைக்கு மிக நெருங்கி வருவது 'நல்ல நேரம்' (1972). யானைகளோடு வளர்ந்தவன் நாயகன். குழந்தைக்கு ஏதாவது ஆகிவிடுமோ என்று பயந்து, யானையா நாங்களா என்று கேட்டுவிடுகிறாள் மனைவி. 'ஆட்டுக்கார அலமேலு' (1977) படத்தில் அந்த இடம் ஆட்டுக்குக் கிடைத்தது. கர்ணன் ஜெய்சங்கரை வைத்து இயக்கிய 'கங்கா' (1972) போன்ற படங்களில் குதிரைகள் புழுதி பறக்க ஓடின. ஆனால் அவற்றில் ஒன்றுகூட வீட்டில் ஒருத்தராகவில்லை.

தேவர் கணக்கு சரியானது. தமிழ்நாட்டில் குதிரை கப்பலில் வந்த சரக்கு. பாண்டியர் காலத்தில் காயல் துறையில் அரபுக் குதிரைகள் வந்திறங்கியதை மார்க்கோ போலோ எழுதிவைத்திருக்கிறார். அவை அரண்மனைக்கும் படைக்கும் போயின. நாஞ்சில் நாட்டு வயல்களை உழுதவை காளையும் எருமைக்கடாவும். தொழுவத்தில் பெயர் சொல்லிக் கூப்பிட்டு வளர்த்தது பசுவை.

காட்டில் திரியும் குதிரை தமிழ்நாட்டில் இல்லாமலில்லை. அமெரிக்காவின் மஸ்டாங், ஸ்பானியர் கொண்டுவந்த குதிரை கட்டவிழ்ந்து காடேறியதன் வம்சம். கோடியக்கரையில் மேயும் மட்டக்குதிரைகளும் ஒருகாலத்தில் மனிதர் வளர்த்தவற்றின் வாரிசுகளே. அமெரிக்காவில் காட்டுக்குதிரையைக் காக்க 1971-இல் சட்டம் வந்தது. கோடியக்கரை சரணாலயமோ 1967-இல் வெளிமானுக்காக அமைந்தது. மானுக்குரிய புல்லையே குதிரையும் மேய்வதால், பார்க்க அழகாக இருந்தாலும் அங்கே அது வனத்துறைக்குத் தலைவலிதான்.

குமரி மாவட்டத்துக்காரர்கள் சிறு வயதிலிருந்து பார்த்த குதிரை சாமி ஏறிவரும் குதிரை. விஜயதசமியன்று கன்னியாகுமரி பகவதி அம்மன் வெள்ளிக்குதிரை ஏறி மகாதானபுரத்துக்குப் பரிவேட்டைக்குப் போகிறாள். சாமிதோப்பில் அய்யா வைகுண்டர் வெள்ளைக் குதிரை வாகனத்தில் கலிவேட்டைக்குக் கிளம்புகிறார். தலைப்பாகையும் நெற்றியில் வெண்ணிற நாமமுமாக ஆண்கள் முன்னே நடக்க, 'அரகரா' முழக்கத்தோடு வாகனம் முத்திரிக்கிணற்றங்கரைக்கு வந்துசேரும். வேட்டை முடிந்து சுற்று ஊர்களுக்குப் போகையில் வீட்டுக்கு வீடு வெற்றிலை பாக்கும் பழமும் வைத்து வரவேற்பார்கள். தோள்மேல் அசைந்து வரும் அந்தக் குதிரையைக் குழந்தைகள் வாய்பிளந்து பார்ப்பது, எந்தத் திரைப்படத்துக்கும் குறைந்த காட்சியல்ல.

சாமிதோப்பில் வைகாசி, ஆவணி, தை மாதங்களில் 11 நாள் திருவிழா நடக்கும். எட்டாம் நாள் கலிவேட்டை. பிள்ளைகளைக் கூட்டிப்போகிறவர்கள் பொழுது சாயும் முன்பே கிணற்றங்கரையில் இடம் பிடித்துவிடுவது நல்லது.