ஓடியவர் ஓடக் கற்றுக்கொடுக்கிறார்

விளையாட்டு விழாவுக்கு முன்பு, ஆறாம் வகுப்புத் தங்கைகளுக்கு எறிபந்து சொல்லிக்கொடுக்கும் பொறுப்பு எங்களிடம் ஒப்படைக்கப்பட்டது. "இதென்ன பெரிய காரியம்!" என்று மைதானத்தில் இறங்கினோம். நாங்கள் எறிந்த பந்து வலையைத் தாண்டியது. அவர்கள் எறிந்த பந்து தாண்டவில்லை. "இப்படித்தான் எறிய வேண்டும்" என்று திரும்பத் திரும்ப எறிந்து காட்டினோமே தவிர, ஏன் தாண்டவில்லை என்று சொல்ல எங்களுக்குத் தெரியவில்லை. விளையாடுவது ஒரு கலை. விளையாடக் கற்பிப்பது வேறொரு கலை என்பதை அன்று உணர்ந்தோம்.

இவ்விரண்டையும் கற்றவர் நம் தமிழ்நாட்டு வீராங்கனை சாந்தி சௌந்திரராஜன். புதுக்கோட்டை மாவட்டத்துக் கத்தக்குறிச்சியில், செங்கல் சூளைத் தொழிலாளரின் மகளாகப் பிறந்தவர். 2006-ஆம் ஆண்டு தோஹா ஆசிய விளையாட்டுப் போட்டியில் 800 மீட்டர் ஓட்டத்தில் வெள்ளிப் பதக்கம் வென்றார். ஆனால், பெண்கள் பிரிவில் ஓட அவருக்குத் தகுதியில்லை என்று ஒரு மருத்துவப் பரிசோதனையைக் காரணம் காட்டி, அப்பதக்கம் பறிக்கப்பட்டது. ஓட்டப் பாதையும் அவருக்கு அடைபட்டது.

தமிழக அரசு அவருக்கு 15 லட்சம் ரூபாய் பரிசளித்திருந்தது. அந்தப் பணத்தைக் கொண்டு புதுக்கோட்டையில் ஏழைப் பிள்ளைகளுக்கு ஓட்டப் பயிற்சி அளித்தார். ஆயினும் நிலையான வேலை இல்லாமையால், 2012-இல் மீண்டும் செங்கல் சூளையில் கூலி வேலை செய்ய நேர்ந்தது. மறு ஆண்டு பெங்களூரில் பயிற்சியாளர் பட்டயப் படிப்பில் சேர்ந்து, அதை முடித்தார். 2016-இல் தமிழ்நாடு விளையாட்டு மேம்பாட்டு ஆணையம் அவரைத் தடகளப் பயிற்சியாளராக நியமித்தது.

ஆசியப் பதக்கம் வென்றவர் மீண்டும் படிக்க வேண்டுமா என்று கேட்கலாம். 800 மீட்டர் என்பது 400 மீட்டர் பாதையில் இரண்டு சுற்று. முதல் சுற்றிலேயே பலத்தையெல்லாம் செலவழிப்பவர், இரண்டாம் சுற்றில் கால் கனத்துப் பின்தங்குவார். ஓடுகிறவர் தம் மூச்சின் அளவை அறிந்தால் போதும். பயிற்சியாளரோ தம்மிடம் வரும் ஒவ்வொரு பிள்ளையின் மூச்சையும் அறிய வேண்டும். யாரை இன்று விரட்ட வேண்டும், யாருக்கு ஓய்வு கொடுக்க வேண்டும், தோற்று அழுகிறவளிடம் என்ன பேச வேண்டும் என்பதெல்லாம் தெரிந்திருக்க வேண்டும். ஆகவேதான் உடலியலும் உளவியலும் பயிற்சி முறைகளும் அப்படிப்பில் பாடங்களாக உள்ளன. இதற்கான தேசிய விளையாட்டு நிறுவனம் 1961-இல் பாட்டியாலாவில் தொடங்கப்பட்டது.

உடற்கல்வி படிக்க நாம் அவ்வளவு தூரம் போக வேண்டியதில்லை. தாம்பரத்திலிருந்து மின்சார ரயிலில் சைதாப்பேட்டை சென்றால், அருகில் நந்தனத்தில் ஒய்.எம்.சி.ஏ. உடற்கல்விக் கல்லூரி இருக்கிறது. ஹாரி குரோ பக் என்ற அமெரிக்கர் 1920-இல் தொடங்கியது அது. இந்தப் பக்கம் வண்டலூரைத் தாண்டினால், மேலக்கோட்டையூரில் தமிழ்நாடு உடற்கல்வியியல் மற்றும் விளையாட்டுப் பல்கலைக்கழகம் இருக்கிறது.

பத்தாம் வகுப்பு வந்ததும், "மைதானத்தை மறந்துவிடு, விளையாட்டு சோறு போடுமா?" என்று நம் வீடுகளில் கேட்கிறார்கள். பெற்றோரின் கவலை நியாயமானதே. பதக்கம் மட்டும் சோறு போடவில்லை என்பதற்குச் சாந்தி அவர்களின் வாழ்க்கையே சாட்சி. படிப்பும் சேர்ந்தபோதுதான் வேலை கிடைத்தது. ஆகவே அன்பான பெற்றோரே, நாங்கள் புத்தகத்தைக் கீழே வைக்க மாட்டோம். மாலையில் அரை மணி நேரம் பந்தையும் எங்களிடமிருந்து வாங்கிவிடாதீர்கள்!

மறுநாள் எங்கள் உடற்பயிற்சி ஆசிரியை வந்து, "பந்தைப் பார்க்காதீர்கள், அவள் முழங்கையைப் பாருங்கள்" என்றார்கள். பார்த்தோம். முழங்கை தாழ்ந்திருந்தது. அதை உயர்த்தச் சொன்னோம். அந்தத் தங்கையின் பந்து வலையைத் தாண்டியது. நாங்கள் வென்ற எந்த ஆட்டத்திலும் இவ்வளவு மகிழ்ந்ததில்லை.