வருகையும் வாசலும்

'பெரிய வீட்டுக்காரங்க நம்ம பக்கம் வந்தா விடிஞ்சிடும்' என்கிற பேச்சைத் தர்மபுரிப் பக்கத்துச் சேரிகளில் பலமுறை கேட்டிருக்கிறேன். இதை அடிமைப் புத்தி என்று ஒதுக்க எனக்கு மனம் வரவில்லை. ஊரே பயப்படுகிற ஒருவர் ஊரை எதிர்த்தால் அடி நம்மேல் விழாது என்கிற கணக்கு அதில் இருக்கிறது. கணக்கு எங்கே பொய்க்கிறது என்பதே கேள்வி.

1965வரை தர்மபுரி சேலம் ஜில்லாவுக்குள் இருந்தது. அந்த ஜில்லாவின் திருச்செங்கோட்டுப் பக்கத்துக் குமாரமங்கலம் ஜமீன்தார் ப.சுப்பராயன் 1926இல் மாகாண முதலமைச்சரானார். அவரது அமைச்சரவையில் முத்தையா முதலியார் 1928இல் வகுப்புவாரி ஆணையை நடைமுறைப்படுத்தினார். 12 இடங்களில் 1 தாழ்த்தப்பட்டோருக்கு. பதவி போன பிறகும் சுப்பராயன் ஓயவில்லை. 1932இல் கோயில் நுழைவு மசோதாவை முன்வைத்தார். ஜமீன்தாரே கதவைத் திறக்கச் சொல்றார்னா சும்மாவா?

ஆனால் மசோதாவைச் சபையில் வைக்கவே வைஸ்ராயின் அனுமதி வேண்டும். 1933 ஜனவரியில் அது மறுக்கப்பட்டது. பெரிய வீடு நீட்டிய சாவியை அதைவிடப் பெரிய வீடு பிடுங்கிக்கொண்டது. மத்திய சட்டசபைக்கான ரங்க ஐயர் மசோதாவுக்கு அனுமதி கிடைத்தது; அதிலோ திறப்பதா வேண்டாமா என்பதைப் பெரும்பான்மை தீர்மானிக்கும். தீண்டாமையைப் பாவம் என்றுகூட அது சொல்லவில்லை என்று பிப்ரவரியில் அம்பேத்கர் சுட்டிக்காட்டினார். கல்வியும் உயர்பதவியுமே விடுதலைக்கு வழி என்றார். மேற்படி இரண்டு மசோதாவிலும் உள்ளே போக வேண்டியவர்களின் குரலுக்கு இடமில்லை. சுப்பராயனின் நேர்மையை நான் சந்தேகிக்கவில்லை. கொடை என்கிற வடிவத்தைத்தான் சந்தேகிக்கிறேன். கொடுக்கிறவர் இருக்கும்வரை வாங்குகிறவர் வாசலில்தான்.

இதே தர்மபுரியில் வேறொரு கணக்கும் உண்டு. 1992 ஜூன் 20இல் சந்தனக்கட்டை தேடுவதாகச் சொல்லி வனத்துறையும் போலீசும் வாச்சாத்தி மலையாளிப் பழங்குடியினரைச் சூறையாடின. 18 பெண்கள் பாலியல் வன்கொடுமைக்கு ஆளானார்கள். அங்கேயும் வெளியாட்கள் வந்தார்கள்: கட்சிக்காரர்கள், மலைவாழ் மக்கள் சங்கத்தார், ஆணைய அதிகாரி. வந்தவர்கள் கேட்டார்கள், பெண்கள் சொன்னார்கள். 'இவன்தான்' என்று கோர்ட்டில் கைநீட்டினார்கள். 2011இல் உயிரோடிருந்த 215 பேருக்கும் தண்டனை. 2023இல் உயர்நீதிமன்றம் உறுதிசெய்தது.

19 வருஷம் என்பது சின்ன விலை அல்ல. ஆனாலும் அந்தத் தீர்ப்பை யாரும் அவர்களுக்குக் கொடையாகத் தரவில்லை. 'யார் வரப் போகிறார்?' என்று கேட்பதில் தவறில்லை. வந்தவர் பேசுகிறாரா, நம்மைப் பேச விடுகிறாரா என்பதையும் சேர்த்துக் கேட்க வேண்டும்.