200 பவுண்டுக்குக் கீழே

இங்கிலாந்தின் பல சூப்பர் மார்க்கெட்டுகளில் சீஸ் கட்டியும் மாட்டிறைச்சித் துண்டும் பிளாஸ்டிக் பெட்டிக்குள் பூட்டப்பட்டிருக்கின்றன. பணம் கட்டாமல் வாசலைத் தாண்டினால் அலாரம் அலறும். சில கடைகளில் வெண்ணெய்க்கும் குழந்தைகளின் பால்மாவுக்கும்கூட இதே காவல்தான். நகைக்கடையில் பார்க்கும் எச்சரிக்கை மளிகைக்கடைக்கு வந்துவிட்டது.

இங்கிலாந்திலும் வேல்ஸிலும் 2025 மார்ச்சுடன் முடிந்த ஓராண்டில் காவல்துறை பதிவுசெய்த கடைத்திருட்டுகள் 5,30,643. முந்தைய ஆண்டைவிட 20 சதவீதம் அதிகம். பிரிட்டிஷ் சில்லறை வணிகக் கூட்டமைப்பின் மதிப்பீடோ வேறொரு உயரத்தில் நிற்கிறது: 2024 ஆகஸ்ட்டுடன் முடிந்த ஓராண்டில் 2 கோடிக்கும் மேற்பட்ட திருட்டுகள், நஷ்டம் 220 கோடி பவுண்டு. வணிகர் அமைப்புகளின் கணக்கைச் சற்று நிதானமாகத்தான் வாசிக்க வேண்டும். அமெரிக்காவில் சரக்கு இழப்பில் ஏறக்குறையப் பாதிக்குத் திருட்டுக் கும்பல்களே காரணம் என்று சொன்ன அந்நாட்டுச் சில்லறை வணிகர் சம்மேளனம், 2023 டிசம்பரில் அதைத் திரும்பப் பெற்றுக்கொண்டது. பிரிட்டிஷ் மதிப்பீட்டில் பாதியைத் தள்ளிவிட்டுப் பார்த்தாலும், காவல்துறையின் பதிவேட்டுக்கும் கடைகளில் நடப்பதற்கும் இடையே மலையளவு வித்தியாசம் இருக்கிறது. பல கடைக்காரர்கள் புகார் கொடுப்பதையே விட்டுவிட்டார்கள்.

அப்படி விட்டதற்குக் காரணம் உண்டு. 2014-இல் வந்த சட்டம், 200 பவுண்டுக்கு மிகாத கடைத்திருட்டை மாஜிஸ்திரேட் நீதிமன்றத்துக்கு உரிய சிறு வழக்காக வகைப்படுத்தியது. சட்டப்படி அது குற்றமாகவே நீடித்தது. ஆனால் இதற்கெல்லாம் போலீஸ் வராது என்ற எண்ணம் திருடுபவரிடமும் ஊறியது, பறிகொடுப்பவரிடமும் ஊறியது. தங்கள் கடைகளில் நடந்த கடுமையான குற்றங்களில் 71 சதவீதத்துக்குக் காவலர்கள் வரவே இல்லை என்று கோ-ஆப் நிறுவனம் 2023-இல் வெளிப்படையாகச் சொன்னது.

பொருளின் விலையை வைத்துக் குற்றத்தை அளக்கும் பழக்கம் இங்கிலாந்துக்குப் புதிதல்ல. 1699-இல் இயற்றிய சட்டத்தின்படி, கடையில் 5 ஷில்லிங் அல்லது அதற்கு மேல் மதிப்புள்ள பொருளை மறைவாகத் திருடினால் மரண தண்டனை. எழுத்தாளர் ஜேன் ஆஸ்டினின் அத்தை ஜேன் லீ-பெரோ, 1799-இல் பாத் நகரக் கடையொன்றில் 20 ஷில்லிங் மதிப்புள்ள லேஸ் துணியைத் திருடியதாகக் கைதாகி மாதக்கணக்கில் காவலில் இருந்தார். 1800-இல் நடுவர் குழு அவரை நிரபராதி என விடுவித்தது. தூக்குக்கு அனுப்ப மனம் வராத நடுவர்கள் பல வழக்குகளில் பொருளின் மதிப்பை 5 ஷில்லிங்குக்குக் கீழே குறைத்துத் தீர்ப்புச் சொன்னதும் உண்டு. அன்றைய கொடூரத்துக்கும் இன்றைய அலட்சியத்துக்கும் ஓர் ஒற்றுமை: இரண்டிலுமே விலைச்சீட்டுதான் தீர்ப்பு எழுதுகிறது.

அந்தச் சீட்டு சின்னக் கடைக்காரரின் இழப்பைச் சொல்லாது. 100 பவுண்டுக்கு விற்றால் எல்லாச் செலவும் போக 5 பவுண்டு மிஞ்சும் ஒரு கடையை எடுத்துக்கொள்வோம். 15 பவுண்டுக்குக் கொள்முதல் செய்த மதுப்புட்டி ஒன்று களவு போனால், அதை ஈடுகட்ட மட்டும் 300 பவுண்டுக்கு வியாபாரம் ஆக வேண்டும். பெரிய நிறுவனம் காவலாளியை நியமிக்கும், நஷ்டத்தை நூற்றுக்கணக்கான கிளைகளில் பரப்பிக்கொள்ளும். லண்டனிலும் சுற்றுப்புறங்களிலும் தெருமுனைக் கடைகளையும் பெட்ரோல் நிலையங்களையும் நடத்தும் ஈழத்தமிழ்க் குடும்பங்கள் ஏராளம். அவற்றுள் பலவற்றில் கணவனும் மனைவியுமே மாறி மாறிக் கல்லாவில் நிற்கிறார்கள். பரப்பிக்கொள்ள அவர்களுக்கு இன்னொரு கிளை கிடையாது.

பணத்தைவிடக் கனமானது பயம். திருடுபவரைத் தடுக்கப்போன இடத்தில்தான் வசையும் அடியும் விழுகின்றன. பிரிட்டிஷ் சில்லறை வணிகக் கூட்டமைப்பின் கணக்கில், 2024 ஆகஸ்ட்டுடன் முடிந்த அதே ஓராண்டில் கடை ஊழியர்கள் மீதான வன்முறையும் வசைகளும் நாளொன்றுக்கு 2,000-க்கு மேல் இருந்தன. அவற்றில் 70 சம்பவங்களில் ஆயுதம் இருந்தது. அதனால் பல நிறுவனங்கள் தம் ஊழியர்களிடம், “கண்ணால் கண்டாலும் குறுக்கே போகாதீர்கள்” என்றே சொல்லிவைக்கின்றன. கண்ணெதிரே அலமாரி காலியாவதைப் பார்த்துக்கொண்டு நிற்பதும் வேலையின் ஒரு பகுதியாகிவிட்டது. இது ஒரு மனிதரைப் படுத்தும் பாடு எந்தச் சரக்குக் கணக்கிலும் ஏறாது.

திருடுபவர் எல்லாரும் ஒரே ரகமல்ல. வறுமையில் ஒரு பால்மா டின்னை எடுத்துச் செல்லும் தாயையும், அலமாரியையே பைக்குள் வழித்துக்கொண்டு போய் விற்கும் கும்பலையும் ஒன்றாக வைப்பது அநியாயம். போதைப் பழக்கத்துக்குப் பணம் தேடித் திரும்பத் திரும்ப வருபவர்கள் இவ்விரண்டுக்கும் இடையே நிற்கிறார்கள். கும்பல்களைக் கண்டறிய, பெரிய நிறுவனங்களின் பண உதவியோடு காவல்துறையின் ‘பெகாசஸ்’ திட்டம் 2023-இல் வந்தது.

கடை ஊழியர்களைக் காக்க ஸ்காட்லாந்து 2021-இலேயே தனிச் சட்டம் இயற்றியது. 2025 பிப்ரவரியில் பிரிட்டிஷ் நாடாளுமன்றத்தில் அறிமுகமான குற்றம், காவல் மசோதா, 200 பவுண்டு வரம்பை நீக்கவும், கடை ஊழியரைத் தாக்குவதைத் தனிக் குற்றமாக்கவும் வகைசெய்தது. வரவேற்க வேண்டிய முயற்சி. ஆனால் கல்லாவில் தனியாக நிற்பவர் தொலைபேசியை எடுத்தால் காவலர் ஒருவர் வந்து சேர வேண்டும். கடைக்காரர் கொடுக்கும் கேமரா பதிவை யாராவது பார்க்க வேண்டும். போதையால் திருடுபவருக்குச் சிறையோடு சிகிச்சையும் கிடைக்க வேண்டும். இவற்றுக்கு ஆளும் பணமும் ஒதுக்குவதை அரசு இனியும் தள்ளிப்போடக் கூடாது.