கண்ணில்லாப் பாடகனும் கன்னடப் படமும்

ஒரு மொழியில் மக்கள் மனத்தைக் கவர்ந்த கதையை மற்றொரு மொழியினர் வாங்கிப் படமாக்குவது தென்னாட்டுப் பட உலகில் நெடுநாளைய வழக்கம். 2003-ஆம் ஆண்டு வெளிவந்த “நம்ம பிரீதிய ராமு” என்னும் கன்னடப் படம் அவ்வகையில் ஒன்று. கிராமத்துக் கண்ணில்லாப் பாடகன் ஒருவனின் கதை அது. அதன் பெயரை எடுத்த மாத்திரத்தில், “அது நம்முடைய ‘காசி’தானே, தமிழில் பார்த்ததைக் கன்னடத்தில் வேறு பார்க்க வேண்டுமா?” என்று நம்மவருள் சிலர் கையை விரித்துவிடுகிறார்கள். இக்கூற்று உண்மைக்கும் பொருந்தாது. கன்னட நாட்டில் குடியேறிப் பிழைக்கும் நமக்கு அழகும் ஆகாது. அதனை இக்கட்டுரையில் எடுத்துக் காட்ட விழைகிறோம்.

கதை பிறந்த இடம்

முதலில் உண்மையைப் பார்ப்போம். இக்கதை தமிழ்நாட்டில் பிறந்ததன்று. மலையாள நாட்டில் பிறந்தது. 1999-இல் வினயன் இயக்கிய “வசந்தியும் லட்சுமியும் பின்னே ஞானும்” என்னும் படமே இதற்கு மூலம். அதில் கண்ணில்லாப் பாடகன் ராமுவாக நடித்தவர் கலாபவன் மணி. சாலக்குடியில் ஏழைக் குடும்பத்தில் பிறந்து, ஆட்டோ ரிக்‌ஷா ஓட்டி, பல குரலில் பேசும் வித்தையால் மேடையேறி, பின்னர்ப் படவுலகுக்கு வந்தவர் அவர். அதுவரை நகைச்சுவை வேடங்களில் சிரிக்க வைத்தவர், இப்படத்தில் கேரள மக்களைக் கண்ணீர் சிந்த வைத்தார். தேசியத் திரைப்பட விருதுகளிலும் அவருக்குச் சிறப்புப் பாராட்டு வழங்கப்பட்டது.

அதே வினயன் 2001-இல் அதே கதையைத் தமிழில் “காசி” என்று எடுத்தார். விக்ரம் நடித்தார். காட்சிக்குக் காட்சி கருவிழிகளை மேலே செருகிக்கொண்டு அவர் நடித்த நடிப்பை மறந்தவர் இல்லை. அவ்வாண்டின் சிறந்த தமிழ் நடிகருக்கான பிலிம்பேர் விருது அவருக்குக் கிடைத்தது. இதில் ஒரு வேடிக்கையும் உண்டு. மறு ஆண்டே, 2002-இல், “ஜெமினி” படத்தில் விக்ரம் கதாநாயகனாகவும் கலாபவன் மணி வில்லனாகவும் மோதிக்கொண்டார்கள். மலையாளத்து ராமுவும் தமிழ்நாட்டுக் காசியும்தாம் அங்கே எதிரெதிரே நிற்கிறார்கள் என்பதைப் படம் பார்த்த நம்மவருள் எத்தனை பேர் எண்ணியிருப்பர்?

அடுத்து 2003-இல் கன்னடம். 2004-இல் “சீனு வசந்தி லட்சுமி” என்ற பெயரில் தெலுங்கு. அங்கே இசையமைப்பாளர் ஆர். பி. பட்நாயக்கே கதாநாயகனாகவும் நடித்தார். ஐந்தாண்டுக் காலத்துக்குள் தென்னாட்டு மொழிகள் நான்கிலும் இப்பாடகன் நடமாடிவிட்டான். ஆகவே “எங்கள் படத்தைப் பார்த்து எடுத்தார்கள்” என்று உரிமை கொண்டாட நமக்கு இடமில்லை. அண்டை வீட்டில் வாங்கிய உறைமோரில் நாமும் தயிர் தோய்த்தோம்; அடுத்த வீட்டாரும் தோய்த்தார்கள்.

மொழிமாற்றம் செய்யாதது ஏன்?

தமிழ்ப் படத்தையே கன்னடத்தில் குரல் மாற்றி வெளியிட்டிருக்கலாமே, செலவு குறையுமே என்று கேட்கலாம். கன்னடப் பட உலகில் 1960-களிலிருந்து நெடுங்காலம் மொழிமாற்றுப் படங்களுக்கு இடமில்லாதிருந்தது. சட்டத்தால் வந்த தடையன்று. படத்துறையினரும் மொழிப் பற்றாளரும் தமக்குள் வகுத்துக்கொண்ட கட்டுப்பாடு. குரல் மட்டும் மாறிய படங்கள் வந்து குவிந்தால் கன்னட நடிகரும் தொழிலாளரும் பிழைப்பை இழப்பர் என்பது அதன் நோக்கம். 2015-இல் இந்தியப் போட்டி ஆணையம் அக்கட்டுப்பாடு செல்லாதென்று கூறியது. அதன் பின்னரே மெல்ல மெல்ல நிலைமை மாறிற்று.

அக்கட்டுப்பாடு நல்லதா, தீயதா என்னும் வழக்கில் நாம் புக வேண்டியதில்லை. அதன் விளைவை மட்டும் கவனிப்போம். வேற்று மொழிக் கதை கன்னட மக்களிடம் செல்ல வேண்டுமானால், கன்னட நடிகரைக் கொண்டு, கன்னடப் பேச்சிலும் பாட்டிலும் அதை மீண்டும் எடுத்தாக வேண்டும். “நம்ம பிரீதிய ராமு” பிறந்தது அக்காலத்தில்தான். பெயரிலேயே அம்மண்ணின் உரிமை ஒலிக்கிறது. “நம் அன்புக்குரிய ராமு” என்பது அதன் பொருள்.

ராமுவாக நடித்தவர் தர்சன். கன்னடப் படங்களில் வில்லன் வேடங்களுக்குப் பேர்போன தூகுதீப சீனிவாசின் மகன். 2002-இல் “மெஜஸ்டிக்” படத்தில் முரட்டு வாலிபனாகக் கதாநாயக வேடம் ஏற்றுப் புகழ் பெற்றவர். கைகலப்புக்காகவே ரசிகர் தேடி வந்த ஒரு நடிகர், மறு ஆண்டே கையை ஓங்காத, கண் தெரியாத ஓர் ஏழைப் பாடகனாக வந்து நின்றார். வளரும் காலத்தில் இத்தகைய வேடத்தை ஏற்கத் துணிவு வேண்டும். விக்ரமையும் மணியையும் அருகருகே நிறுத்தி இவரை எடை போடாமல், இவர் வந்த வழியை வைத்துப் பார்த்தால்தான் அத்துணிவின் அருமை விளங்கும்.

கதையின் உயிர்

நான்கு மொழியாரும் இக்கதையை விரும்பி எடுக்கக் காரணம் என்ன? கண்ணில்லாமை மட்டும் காரணமன்று என்பது நம் கருத்து. பாடித் திரியும் அவனுடைய வருவாயால்தான் அக்குடும்பத்தில் அடுப்பு எரிகிறது. மணமாக வேண்டிய தங்கை இருக்கிறாள். ஊரில் பெரிய மனிதர் இருக்கிறார். அவரால் நேரும் துன்பமும் இருக்கிறது. அவனுக்குப் பார்வை வருமா என்னும் ஏக்கம் கதை நெடுகிலும் இழையோடுகிறது. முடிவை இங்கே சொல்லிப் பாராதவர் ஆவலைக் கெடுக்க மாட்டோம்.

ஒன்றை மட்டும் சொல்லலாம். எல்லாரும் அவன் பாட்டைக் கேட்கிறார்கள்; அவன் கொண்டுவரும் காசை எண்ணுகிறார்கள். “உனக்கு என்னப்பா வேண்டும்?” என்று அவனைக் கேட்பவர் அரியர். ஊரை விட்டு வந்து மாதந்தோறும் பணம் அனுப்பும் பிள்ளைகள் நம்முள் எத்தனை பேர்! தங்கை திருமணம், தம்பி படிப்பு, வீட்டுக் கடன் என்று எழுதிவரும் கடிதங்களில், இப்போது வரும் தொலைபேசி அழைப்புகளிலுந்தான், “நீ சாப்பிட்டாயா?” என்னும் கேள்வி சில வேளைகளில் விட்டுப் போகிறது. சம்பாதிக்கும் பிள்ளையின் மனத்தையும் ஒருமுறை கேளுங்கள் என்று இப்படம் நமக்குச் சொல்லாமற் சொல்கிறது. அதற்குத் தமிழ், கன்னடம் என்னும் வேறுபாடு இல்லை.

பாட்டு யாருடையது?

பாடகனைப் பற்றிய படத்தில் பாட்டைப் பேசாமல் தீராது. “காசி”, “நம்ம பிரீதிய ராமு” ஆகிய இரண்டுக்கும் இசையமைத்தவர் இளையராஜா. கன்னடம் அவருக்கு அந்நிய மண்ணன்று. சொந்தமாக இசையமைக்கத் தொடங்குமுன், கன்னடப் படங்களின் புகழ்பெற்ற இசையமைப்பாளர் ஜி. கே. வெங்கடேஷிடம் உதவியாளராய் இருந்து தொழில் பயின்றவர் அவர். 1981-இல் சங்கர் நாக் நடித்த “கீதா” படத்துக்கு அவர் அமைத்த பாடல்கள் இன்றும் கன்னட வீடுகளில் ஒலிக்கின்றன. தமிழர் ஒருவரின் தொழிற்பள்ளி கன்னட இசை மேடையாய் இருந்ததை எண்ணினால், எவர் எவருக்குக் கடன்பட்டவர் என்று பிரித்தெழுத முடியுமா?

“காசி”யில் விக்ரமுக்காகப் பாடிய ஹரிஹரனும் நமக்கு மிக நெருங்கியவர். திருவனந்தபுரத்தில் பிறந்து மும்பையில் வளர்ந்த தமிழ்க் குடும்பத்துப் பிள்ளை அவர். தாயார் அலமேலு மணி கர்நாடக இசையில் வல்லவர். வேற்றூரில் வளர்ந்தும் தமிழ்ப் பாட்டைக் கைவிடாத ஒரு வீட்டிலிருந்துதான் காசியின் குரல் வந்தது. “இங்கே பிள்ளைகளுக்குத் தமிழ் எதற்கு?” என்று சலித்துக்கொள்ளும் பெற்றோர் இதைக் கருத வேண்டும்.

மலையாளத்து ராமுவுக்குக் குரல் கொடுத்தவர் யேசுதாஸ். கலாபவன் மணியோ நாட்டுப் பாடல்களைப் பாடி ஊரையே ஆட வைத்தவர். ஆயினும் இந்தப் பாடகன் வேடத்தில் அவர் வாயசைத்தார், பிறர் பாடினார். பின்னணி பாடும் முறை இந்தியாவில் முதன்முதல் கையாளப்பட்டது 1935-ஆம் ஆண்டு வங்காளத்தில் எடுத்த “பாக்ய சக்ரா”விலும் அதன் இந்தி வடிவமான “தூப் சாவோ”னிலும் ஆகும். அப்படத்திலேயே மெய்யாகவே பார்வையிழந்த பாடகரான கே. சி. டே நடித்திருந்தார், பாடகர் மன்னா டேயின் சிற்றப்பா அவர். கண்ணில்லாப் பாடகர் தாமே நடித்துத் தாமே பாடிய காலம் ஒன்றிருந்தது. பின்னாளில் அவ்வேடம் கண்ணுள்ள நடிகருக்கும், அவர் பாட்டு வேறொரு கண்ணுள்ள பாடகருக்கும் போயிற்று.

படம் காட்டாத பாடகர்கள்

இங்கேதான் இவ்வகைப் படங்கள் நான்கின் மேலும் நமக்கு ஒரு குறை உண்டு. படத்தில் கண்ணில்லாதவன் இரக்கத்துக்கு உரியவன். பாடிக் காசு பெறுபவன். பார்வை வந்தாலொழிய அவன் வாழ்வு நிறைவு பெறாது. ஆனால் இதே கன்னட நாட்டில் கண்ணில்லாதோர் பாடிப் பிழைத்ததோடு நில்லாமல், பாடச் சொல்லிக் கொடுத்து ஒரு பரம்பரையையே உருவாக்கியிருக்கிறார்கள்.

ஹூப்ளியிலிருந்து குண்டக்கல் செல்லும் இருப்புப் பாதையில், ஹூப்ளிக்குக் கிழக்கே கதக் என்னும் ஊர் இருக்கிறது. அங்கே உள்ள வீரேசுவர புண்ணியாசிரமத்தை நிறுவியவர் பஞ்சாட்சரி கவாயி (1892–1944). பிறவியிலேயே பார்வையற்றவர். ஹானகல் குமாரசுவாமி என்னும் துறவி அவருடைய குரலைக் கேட்டு, ஆதரித்து, இசை கற்க ஏற்பாடு செய்தார். அவர் கர்நாடக இசையும் இந்துஸ்தானி இசையும் கற்றுத் தேர்ந்து, பார்வையற்ற பிள்ளைகளையும் ஆதரவற்ற பிள்ளைகளையும் சேர்த்துக்கொண்டு சோறும் சங்கீதமும் அளித்தார். பெயர்பெற்ற இந்துஸ்தானிப் பாடகர் பசவராஜ் ராஜ்குரு இவருடைய மாணாக்கர்.

பஞ்சாட்சரியாருக்குப் பின் ஆசிரமத்தை ஏற்றவர் புட்டராஜ கவாயி (1914–2010). குழந்தைப் பருவத்திலேயே கண்ணிழந்தவர், வாய்ப்பாட்டிலும் பல வாத்தியங்களிலும் வல்லவர், நூல்களும் எழுதியவர். 2010-இல் அவருக்குப் பத்மபூஷண் விருது அளிக்கப்பட்டது. இன்று நாடறிந்த பாடகரான வெங்கடேஷ் குமார் இவரிடம் பயின்றவரே. கண்ணுள்ளோர் பலர் கண்ணில்லாதவர் காலடியில் அமர்ந்து கற்ற இடம் அது.

கன்னடப் பட உலகம் இவரையும் மறக்கவில்லை. பஞ்சாட்சரியாரின் வரலாறு 1995-இல் படமாயிற்று. அதன் இசைக்காக ஹம்சலேகாவும், பாட்டுக்காக எஸ். பி. பாலசுப்பிரமணியமும் தேசிய விருது பெற்றார்கள். “ராமு”வைப் பார்க்கும் வீட்டார் அதையும் தேடிப் பார்த்தால், ஒரே நாட்டில் கண்ணில்லாப் பாடகனுக்கு வாய்த்த இரு வேறு வாழ்வுகளும் தெரியவரும்.

பார்வை தருவது எப்படி?

படங்களில் பார்வை வருவது எளிதாய்த் தோன்றுகிறது. மெய்யான மருத்துவம் வேறு. தானமாகப் பெறும் கண்ணை முழுமையாக எடுத்து வைத்துப் பார்வை தருவதில்லை. கண்ணின் முன்புறத்தில் உள்ள, கருவிழி என்று வழங்கும் ஒளி புகும் படலத்தையே பொருத்துகிறார்கள். அப்படலம் கெட்டதால் கண்ணிழந்தவருக்கே அது பயன்படும். பார்வை நரம்பு பழுதானவருக்குப் பயன்படாது. ஒருவர் இறந்து 6 மணி நேரத்துக்குள் கண்களை எடுத்தல் வேண்டும். கண்ணாடி அணிந்தவரும் கண்புரை அறுவை செய்துகொண்டவரும் தானம் செய்யலாம். கண் வங்கியார் வரும்வரை இமைகளை மூடி, அவற்றின் மேல் ஈரப் பஞ்சை வைத்து, மின்விசிறியை நிறுத்தி வைக்க வேண்டும்.

2006-இல் நடிகர் ராஜ்குமார் மறைந்தபோது அவருடைய கண்கள் தானமாக அளிக்கப்பட்டன. 2021-இல் அவர் மகன் புனீத் மறைந்தபோதும் அவ்வாறே செய்தனர். புனீத்தின் கண்களால் நால்வர் பார்வை பெற்றனர். படத்தில் ராமுவுக்காக அழுவதோடு நில்லாமல், கன்னடத்தார் காட்டிய இவ்வழியை நாமும் பின்பற்றலாம்.

நாம் செய்யத்தக்கது

விடுமுறை நாளில் “காசி”யையும் “நம்ம பிரீதிய ராமு”வையும் அடுத்தடுத்துப் பாருங்கள். அண்டை வீட்டுக் கன்னடக் குடும்பத்தையும் அழையுங்கள். கன்னடச் சொற்களுக்கு நம் பிள்ளைகள் பொருள் சொல்லட்டும். தமிழ்ப் படத்துக்கு அவர்களே மொழிபெயர்ப்பாளராகட்டும். எது மூலம், எது நகல் என்ற பேச்சு தானே அடங்கிவிடும்.

மற்றொன்று நம் சங்கத்துக்கு. பொங்கல் விழாவிலும் ஆண்டு விழாவிலும் கச்சேரி வைக்கிறோம். இரயில் பெட்டிதோறும் பாடி வரும் கண்ணில்லாதவருக்குச் சில்லறை போட்டுப் பழகிய கை நம்முடையது. அவர்களுள் முறையாக இசை பயின்றவரும் உண்டு. இவ்வாண்டு அத்தகைய வித்துவான் ஒருவரை மேடைக்கு அழைப்போம். அழைப்பிதழில் அவர் பெயருக்குமுன் அவருடைய குறையை எழுதாமல், அவர் கற்ற இசையை எழுதுவோம். மற்ற வித்துவான்களுக்குத் தரும் அதே சன்மானத்தைத் தட்டில் வைத்துத் தருவோம். அது தருமக் கணக்கில் எழுதப்பட வேண்டியதன்று. கச்சேரிக் கணக்கில் எழுதப்பட வேண்டியது.