வளைந்து செல்லும் பந்து

அசாம் மாநிலம் கோலாகாட் மாவட்டத்தைச் சேர்ந்த நயன்மோனி சைகியா, தம் இளமையில் தேர்ந்தெடுத்த விளையாட்டு பளுதூக்குதல். காலில் ஏற்பட்ட காயம் அவ்வழியை அடைத்துவிட்டது. 2008ஆம் ஆண்டில், இருபது வயதை எட்டும் நிலையில், ‘லான் பௌல்ஸ்’ எனப்படும் புல்தரைப் பந்துருட்டு விளையாட்டிற்கு அவர் மாறினார். அந்நாளில் நம் நாட்டில் அப்பெயரைக் கேள்வியுற்றோரே மிகச் சிலர். காமன்வெல்த் போட்டிகளில் 1930 முதல் இடம்பெற்றுவரும் அவ்விளையாட்டில் இந்தியா முதன்முதலாகக் களமிறங்கியது 2010இல்தான்.

பளுதூக்குதல் முழு வலிமையையும் ஒரே கணத்தில் கேட்பது. இதுவோ அளவறிந்த விசையைக் கேட்பது. ஏறத்தாழ ஒன்றரைக் கிலோ எடையுள்ள பந்தை, 23 மீட்டருக்குக் குறையாத தொலைவில் கிடக்கும் ‘ஜாக்’ என்னும் சிறுபந்தின் அருகில் சென்று நிற்குமாறு உருட்டவேண்டும். கேட்பதற்கு எளிது, செய்வது அரிது. பந்தின் இரு பக்கங்களும் ஒரே வடிவில் அமைந்தவை அல்ல. ஆகவே அது நேராக ஓடாது. வேகம் குறையக் குறைய ஒரு புறமாக வளையும். இலக்கையே குறிவைத்து உருட்டினால் பந்து இலக்கை அடையாது. எவ்வளவு விலக்கி உருட்டினால் எவ்விடத்தில் வளைந்து திரும்பும் என்பதைப் புல்லின் ஈரத்தையும் தரையின் ஓட்டத்தையும் கொண்டு கணிக்க வேண்டும். பளுதூக்கிப் பழகிய கைகள் இந்நிதானத்தைப் புதிதாகக் கற்கவேண்டியிருந்தது.

நால்வர் ஆட்டத்தில் ஒவ்வொருவரும் ஒரு சுற்றுக்கு இரண்டு பந்துகளை உருட்டுவர். எதிரணியின் மிக நெருங்கிய பந்தைவிட ஜாக்கிற்கு அருகில் எத்தனை பந்துகள் நிற்கின்றனவோ, அத்தனை புள்ளிகள். தலைவர் இறுதியாக உருட்ட வரும்போது, ஜாக்கின் அருகில் நின்று அவருக்கு வழிகாட்டுபவர் மூன்றாமவர். அதுவே நயன்மோனியின் இடம்.

2022ஆம் ஆண்டு பர்மிங்காம் காமன்வெல்த் போட்டியில் அவருடன் ஆடியோர் லவ்லி சௌபே, பிங்கி, தலைவர் ரூபா ராணி திர்க்கி. வனத்துறை, காவல்துறை, பள்ளி, விளையாட்டு அலுவலகம் எனப் பணியாற்றிக்கொண்டே பயின்றவர்கள் இந்நால்வரும். லவ்லி தடகளத்திலிருந்தும் ரூபா ராணி கபடியிலிருந்தும் வந்தவர்கள். அதற்கு முந்தைய மூன்று போட்டிகளிலும் இந்தியா இவ்விளையாட்டில் பதக்கம் பெற்றதில்லை.

அரையிறுதியில் நியூசிலாந்திடம் 0-5 எனப் பின்தங்கி, கடைசிச் சுற்றில் 16-13 என வென்றனர். ஆகஸ்ட் 2 அன்று நடந்த இறுதியாட்டத்தில் தென்னாப்பிரிக்காவை எதிர்த்து 8-2 என முன்னணியில் இருந்தவர்கள், சில சுற்றுகளில் அதனை இழந்து 8-10 எனப் பின்தங்கினர். கைக்கெட்டியது நழுவிவிடும் எனப் பார்த்தோர் அஞ்சிய கட்டம் அது. அதன்பின் எதிரணிக்கு ஒரு புள்ளியும் விடாமல் 17-10 என வென்றனர். லான் பௌல்ஸில் இந்தியா பெற்ற முதல் பதக்கமே தங்கமாயிற்று. அவ்வாண்டிற்கான அர்ஜுனா விருது நயன்மோனிக்கு வழங்கப்பட்டது.