மலைக்கும் நாடி பார்க்கலாம்!



நான் ஆசிரியராக இருந்த காலத்தில், ஓர் ஐப்பசி மாதம், ஐந்தாம் வகுப்புப் பிள்ளைகளை ராஜபாளையத்துக்கு மேற்கே உள்ள அய்யனார் கோயில் ஆற்றைப் பார்க்க அழைத்துப் போயிருந்தேன். முந்தின இரவு மலையில் நல்ல மழை. அதனால் கரையில் தள்ளி நின்றுதான் பார்த்தோம். ஒரு பையன் கேட்டான்:

"சார், போன மாசம் எங்க அப்பாகூட வந்தப்போ தண்ணி கண்ணாடி மாதிரி இருந்துச்சே, இன்னைக்கு ஏன் டீத்தண்ணி மாதிரி இருக்கு?"

"மழை பெய்தால் அப்படித்தான்" என்று சொல்லிவிட்டு வந்துவிட்டேன். அது முழுப் பதில் இல்லை என்பது பிறகுதான் உறைத்தது. தண்ணீரில் கலந்து வந்தது நம் மலையின் மண். அது எங்கிருந்து வந்தது? எவ்வளவு வந்தது? ஆண்டுக்கு ஆண்டு கூடுகிறதா, குறைகிறதா? டாக்டர் நமக்கு நாடி பார்ப்பதுபோல, இந்தக் கேள்விகளைக் கேட்பதுதான் மலைக்கு நாடி பார்ப்பது!

புலியின் காலுக்குக் கீழே...

ஸ்ரீவில்லிபுத்தூர் என்றதும் ஆண்டாள் கோயில் கோபுரமும் பால்கோவாவும் நினைவுக்கு வரும். ஊருக்கு மேற்கே நீல மதில்போல நிற்பது மேற்குத் தொடர்ச்சி மலை. அங்கே வாழும் சாம்பல் நிற மலை அணிலைக் காப்பாற்ற 1988ஆம் ஆண்டில் சரணாலயம் அமைத்தார்கள். 2021இல் அதையும் மேகமலைச் சரணாலயத்தையும் சேர்த்து, ஸ்ரீவில்லிபுத்தூர் - மேகமலை புலிகள் காப்பகம் உருவானது. பரப்பளவு சுமார் 1,016 சதுர கிலோமீட்டர். தமிழகத்தின் 5ஆவது புலிகள் காப்பகம் இது. வைகை ஆறு பிறக்கும் மலைகளும் இதில் அடங்கும்.

புலிகளை எண்ணக் காட்டில் கேமரா வைக்கிறார்கள். ஆனால் புலியின் காலுக்குக் கீழே இருக்கும் மண்ணையும் பாறையையும் ஓடையையும் கவனிக்க வேண்டாமா? அவை நலமாக இருந்தால்தானே மரம் நிற்கும், மான் மேயும், புலி வாழும்?

கல்லும் கரையும்

"மலை மாறவே மாறாது" என்று நாம் நினைக்கிறோம். இந்த மலையில் சார்னோகைட், நைஸ் போன்ற பாறைகள் உண்டு. பூமிக்குள் மிகுந்த வெப்பத்திலும் அழுத்தத்திலும் வெந்து இறுகிய இவற்றின் வயது 50 கோடி ஆண்டுகளுக்கும் மேல். அப்படிப்பட்ட பாறையும் தேய்கிறது! பகலில் வெயிலில் சூடாகி விரிகிறது. இரவில் குளிர்ந்து சுருங்குகிறது. விரிசலில் மழைநீர் புகுகிறது. அதில் மர வேரும் நுழைந்து ஆப்புபோலப் பிளக்கிறது. பாறை பொடிந்து மண்ணாகிறது. ஒரே ஒரு சென்டிமீட்டர் மண் உருவாக நூற்றுக்கணக்கான ஆண்டுகள் ஆகும்.

அந்த மண்ணைப் பிடித்து வைத்திருப்பவை மர வேர்களும், கீழே மெத்தைபோலக் கிடக்கும் சருகும்தான். கோடையில் காட்டுத் தீ வந்து சருகை எரித்துவிட்டால், மழைத்துளி நேராக மண்ணில் விழுந்து குத்தும். நூறு ஆண்டுச் சேமிப்பு ஒரே மழையில் ஓடையோடு போய்விடும்.

ஓடைக்கரை அரிக்கப்பட்டால் கரையோர மரம் சாயும். மலை அணில் பெரும்பாலும் தரைக்கு இறங்காது; கிளைக்குக் கிளை தாவித்தான் போகும். ஒரு மரம் விழுந்தால் அதன் பாதையில் பாலம் உடைந்த மாதிரி. அடித்து வரும் மண் அணைகளிலும் கண்மாய்களிலும் படியும். தண்ணீர் நிற்கும் இடம் குறையும். அந்த மண், ராஜபாளையத்துக்குக் குடிநீர் தரும் ஆறாவது மைல் நீர்த்தேக்கத்தையும் விட்டுவைக்காது. ஆக, மலைக்குச் சளி பிடித்தால் நமக்கும் தும்மல்தான்!

ஐந்து பரிசோதனைகள்

உலகெங்கும் பாதுகாக்கப்பட்ட காடுகளில் மலையின் உடல்நலத்தை எப்படிப் பார்க்கிறார்கள் தெரியுமா?

1. மழை: மழைமானியில் தினமும் அளந்து எழுதுவது. நம் நாட்டில் காலை 8.30 மணிக்கு, அதற்கு முந்தைய 24 மணி நேர மழையைக் கணக்கிடுவார்கள்.

2. ஓடை: கரையில் அளவுகோல் நட்டு நீர்மட்டத்தைக் குறிப்பது. தண்ணீரைப் பிடித்து, அதில் எவ்வளவு மண் என்று பார்ப்பது.

3. மண்: சரிவில் இரும்புக் கம்பியை அடித்து, தலை மட்டும் தெரியும்படி விடுவார்கள். அடுத்த ஆண்டு 2 சென்டிமீட்டர் கம்பி கூடுதலாக வெளியே தெரிந்தால், 2 சென்டிமீட்டர் மண் போய்விட்டது என்று அர்த்தம். எவ்வளவு எளிமை பாருங்கள்!

4. படம்: ஒரே இடத்தில் நின்று, ஒரே திசையில், பல ஆண்டுகள் படம் எடுப்பது. அமெரிக்காவின் கிளேசியர் தேசியப் பூங்காவில், நூறு ஆண்டுகளுக்கு முன் படம் எடுத்த அதே இடங்களில் நின்று மறுபடி எடுத்தார்கள். ஒரு படத்தில், பழைய பனிப்பாறை இருந்த இடத்தில் இப்போது ஏரி!

5. வானத்திலிருந்து: எங்கே காடு எரிகிறது, எங்கே சரிவு பெயர்ந்திருக்கிறது என்று செயற்கைக்கோள் காட்டும். டேராடூனில் உள்ள இந்திய வன ஆய்வு நிறுவனம் தீ பற்றிய எச்சரிக்கையை வனத்துறையினரின் கைப்பேசிக்கே அனுப்புகிறது. 1851இல் தொடங்கப்பட்ட இந்தியப் புவியியல் ஆய்வு நிறுவனம், நிலச்சரிவு வரக்கூடிய இடங்களை வரைபடமாக்கியுள்ளது.

எல்லாவற்றையும்விட முக்கியமானவை கண்களும் கால்களும். தினமும் காட்டில் நடக்கும் வனக்காவலர்களும், தலைமுறை தலைமுறையாக இம்மலையில் வாழும் பளியர் மக்களும் ஒரு புது விரிசலையும், சாய்ந்த மரத்தையும், திடீரென்று தோன்றிய ஊற்றையும் முதலில் பார்ப்பவர்கள். இவை நிலச்சரிவுக்கு முன் தெரியக்கூடிய அடையாளங்கள்.

அளவு எடுத்தால் உயிர் பிழைக்கும்

இதெல்லாம் எதற்கு என்கிறீர்களா? சதுரகிரி மலைக்குத் தாணிப்பாறை வழியாகப் போகிறவர்கள் மாங்கனி ஓடை, சங்கிலிப்பாறை ஓடை என்று வரிசையாக ஓடைகளைக் கடக்க வேண்டும். 2015 மே மாதம், அமாவாசை நாளில் மேலே பெய்த மழையால் திடீர் வெள்ளம் வந்தது. பக்தர்கள் சிலர் உயிரிழந்தார்கள். மேலே மழை பெய்வது கீழே நிற்பவருக்குத் தெரியாது. காட்டாற்றின் ஆபத்து அதுதான்.

இதே மேற்குத் தொடர்ச்சி மலையில், கேரளத்தின் வயநாட்டில், 2024 ஜூலை 30ஆம் தேதி அதிகாலை பெரும் நிலச்சரிவு ஏற்பட்டது. 200 பேருக்கு மேல் இறந்தார்கள். கல்பற்றாவில் உள்ள ஹியூம் மையம் என்ற அமைப்பு, வயநாட்டில் 200க்கும் மேற்பட்ட இடங்களில் மழையளவைக் குறித்து வருகிறது. நிலச்சரிவுக்கு அருகிலிருந்த மழைமானியில் 48 மணி நேரத்தில் 570 மில்லிமீட்டருக்கும் மேல் மழை! அளவு ஏறுவதைப் பார்த்து முந்தின நாள் காலையிலேயே அந்த மையம் எச்சரித்தது. சில குடும்பங்கள் இடம் மாறிப் பிழைத்தன. எல்லோரும் மாறியிருந்தால்? நினைத்தாலே மனம் கனக்கிறது. அளப்பது பாதி வேலை. அளவு சொல்வதைக் கேட்டு நடப்பது மீதி வேலை.

செய்து பாருங்கள்!

காலியான பெரிய தண்ணீர் பாட்டில்கள் இரண்டை எடுத்து, பக்கவாட்டில் நீளமாக ஒரு ஜன்னல் வெட்டுங்கள் (வெட்டும் வேலையைப் பெரியவர்களிடம் கொடுங்கள்). இரண்டிலும் ஒரே அளவு மண்ணை நிரப்பி அழுத்துங்கள். ஒன்றை வெறும் மண்ணாக விடுங்கள். மற்றதன் மேல் சருகு பரப்புங்கள். இரண்டையும் வாய்ப்பக்கம் சற்றுத் தாழ்வாக இருக்கும்படி சாய்த்து, கீழே ஆளுக்கொரு கண்ணாடி டம்ளர் வையுங்கள். இப்போது இரண்டிலும் ஒரே அளவு தண்ணீரைப் பூவாளியால் ஊற்றுங்கள்.

எந்த டம்ளரில் டீத்தண்ணி? எதில் தெளிந்த தண்ணீர்? நீங்களே பார்த்துச் சொல்லுங்கள்.

அன்று அந்தப் பையனுக்கு நான் இதைத்தான் செய்து காட்டியிருக்க வேண்டும். இப்போது உங்களிடம் சொல்லிவிட்டேன். ஒரு நோட்டுப் புத்தகம் போடுங்கள். உங்கள் ஊர் ஓடை அல்லது கண்மாயைப் பெரியவர் துணையோடு, வாரம் ஒருமுறை, ஒரே இடத்தில் நின்று பாருங்கள். தேதி, மழை, தண்ணீரின் நிறம், எவ்வளவு உயரம் - நான்கே நான்கு விவரம் எழுதினால் போதும். ஒரு வாரத்துக் குறிப்பு ஒன்றும் சொல்லாது. ஐந்து ஆண்டுக் குறிப்பு உங்கள் மலையின் கதையையே சொல்லும்!