8.8 வீதம்: "பியர்தானே" என்று விட முடியாத கணக்கு

625 மில்லிலீற்றர் போத்தல் ஒன்றில் 8.8 வீத 'ஸ்ட்ரோங்' பியர் இருந்தால், அதிலுள்ள சுத்த மதுசாரம் 55 மில்லிலீற்றர். 33.5 வீதச் சாராயத்தில் ஒரு கால் போத்தலை, அதாவது 180 மில்லிலீற்றரை எடுத்தால், அதிலுள்ளது 60 மில்லிலீற்றர். இரண்டுக்கும் இடையிலான வித்தியாசம் ஒரு தேக்கரண்டி.

இந்தக் கணக்கைப் போட்டுப் பார்த்துவிட்டுப் போத்தலைத் திறப்பவர்கள் மிகக் குறைவு. வெள்ளவத்தையில் ஒரு பொடியன் சாராயக் கால் போத்தலோடு பிடிபட்டால் வீடு இரண்டுபடும். அதே பொடியன் வெள்ளிக்கிழமை இரவு மரைன் டிரைவ் பக்கம் கூட்டாளிகளோடு இருந்து இரண்டு 'ஸ்ட்ரோங்' கான் முடித்துவிட்டு வந்தால், "பியர்தானே அப்பா, விடுங்கோ" என்று தாயே தகப்பனைச் சமாதானப்படுத்துவார். 500 மில்லிலீற்றர் கான் இரண்டில் 88 மில்லிலீற்றர் மதுசாரம் இருக்கிறது. சாராயத்தில் சொன்னால் முழுக் கால் போத்தலும் இன்னொன்றில் ஏறத்தாழப் பாதியும். இரத்தத்துக்குள் போன பிறகு அது வாற்கோதுமையில் வடித்ததா, தென்னங்கள்ளில் வடித்ததா என்று ஈரல் விசாரிப்பதில்லை.

பியருக்கு மட்டும் கிடைத்திருக்கும் இந்த மன்னிப்பு பழையது. இலங்கையில் பியர் குளிர் மலையில் பிறந்த துரைமார் பானம். சாமுவேல் பேக்கர் 19ஆம் நூற்றாண்டின் நடுப்பகுதியில் நுவரெலியாவில் குடியேற்றம் அமைத்தபோதே அங்கே பியர் வடிப்பும் தொடங்கியது. 1881இல் உருவான சிலோன் புருவரிதான் இன்றைய லயன் நிறுவனத்தின் மூலம். தோட்டத் துரைமாரின் கிளப்புகளில் பியர் பரிமாறப்பட்டது; தோட்டத்துக் கூலிக்காரர் சாராயத் தவறணைக்குப் போனார். 1904இலும் 1912இலும் நாட்டை உலுக்கிய மதுவிலக்கு இயக்கங்களின் கோபமெல்லாம் சாராயத்தின் மீதும் கள்ளுத் தவறணைகள் மீதும் பாய்ந்தது. பியரை யாரும் பெரிதாகத் தேடவில்லை. ஏழையின் குடி பாவம், துரையின் குடி நாகரிகம் என்ற அந்தப் பிரிவினை, தொழிற்சாலை மலையிலிருந்து பியகமவுக்கு இறங்கி வந்த பிறகும் நம் மனங்களை விட்டு இறங்கவில்லை.

அமெரிக்காவின் கதை இதைவிடத் தெளிவானது. 1840களில் ஜெர்மனியிலிருந்து வந்து குடியேறியவர்கள் லாகர் பியரைக் கொண்டுவந்தார்கள். மில்வோக்கி, செயின்ட் லூயிஸ் போன்ற நகரங்கள் பியரால் வளர்ந்தன. 1873இல் அந்த நாட்டில் 4,131 பியர் ஆலைகள் இருந்தன. மதுவிலக்குக் கோரிக்கை வலுத்தபோது ஆலைக்காரர்கள் சொன்ன வாதம் நமக்குப் பழக்கமானது: விஸ்கிதான் விஷம், பியர் திரவ உணவு, குடும்பத்தோடு அருந்தும் நிதானப் பானம். மதுவிலக்கு வந்தாலும் பியருக்கு விலக்குக் கிடைக்கும் என்றே அவர்களில் பலர் கடைசிவரை நம்பினார்கள். ஆனால் நகரத்து மதுச்சாலைகளில் பெரும்பாலானவை அந்த ஆலைகளின் பணத்திலேயே ஓடின. சம்பள நாளில் கணவன் வீடு வராததற்குக் காரணம் எது என்று பெண்களுக்குத் தெரிந்திருந்தது. 1920 ஜனவரியில் விஸ்கியோடு சேர்ந்து பியரும் தடைப்பட்டது.

அந்தத் தடை தோற்றது. 1933 டிசம்பரில் நீங்கியது. கள்ளச்சாராயமும் குண்டர் படைகளும் அந்தப் பதின்மூன்று ஆண்டுகளில் எப்படிப் பெருகின என்பதைப் பலரும் எழுதிவிட்டார்கள். கசிப்பை அறிந்த நாட்டில் தடையை நான் சிபாரிசு செய்யப் போவதில்லை. எனக்கு முக்கியமாகப் படுவது அதற்குப் பிறகு நடந்த, அதிகம் பேசப்படாத ஒன்று. 1935இல் கொண்டுவந்த சட்டத்தில், பியர் லேபலில் மதுசார வீதத்தை அச்சிடவே கூடாது என்று அமெரிக்க அரசு தடுத்தது. எண்ணைப் போட்டால் 'எங்களுடையதுதான் கூடிய வீதம்' என்று நிறுவனங்கள் போட்டியில் இறங்கும் என்ற பயம் அதற்குக் காரணம். கூர்ஸ் நிறுவனம் வழக்குப் போட்டது. எண்ணை மறைப்பது பேச்சுரிமைக்கு முரண் என்று 1995இல் உச்ச நீதிமன்றம் அந்தத் தடையை ஒருமனதாக நீக்கியது. தீர்ப்பு சரி என்றே நினைக்கிறேன். குடிப்பவருக்குத் தான் எவ்வளவு குடிக்கிறார் என்று தெரிய வேண்டும். ஆனால் 1935இன் பயமும் பொய்யானதல்ல.

அதற்குச் சாட்சி 1991இல் நடந்தது. ஹைல்மன் என்ற நிறுவனம் 'பவர்மாஸ்டர்' என்ற பெயரில் கூடிய வீதப் பியர் ஒன்றைச் சந்தைக்குக் கொண்டுவரப் பார்த்தது. கறுப்பின மக்கள் வாழும் நகரப் பகுதிகளைக் குறிவைத்த தயாரிப்பு அது. சமயத் தலைவர்களும் சுகாதாரத் துறையினரும் எழுந்தார்கள். அமெரிக்க அரசின் அப்போதைய தலைமைப் பொதுச் சுகாதார அதிகாரி ('சர்ஜன் ஜெனரல்') அன்டோனியா நோவெல்லோவும் கண்டித்தார். 'பவர்' என்ற சொல்லே வீரியத்தைக் காட்டி விற்கிறது என்று சொல்லி அரசு அந்தப் பெயருக்குக் கொடுத்த அனுமதியை மீளப் பெற்றது. அத்தனை எதிர்ப்பைக் கிளப்பிய அந்தப் பியரின் மதுசாரம் எடையளவில் 5.9 வீதம்; நம் கான்களில் போடும் கனவளவுக் கணக்கில் ஏறத்தாழ 7.4 வீதம்.

நம் கடைகளின் குளிர்பெட்டியில் இருக்கும் 8.8 வீதம் யாரையும் எழுப்பவில்லை. கானின் முகத்திலேயே 'ஸ்ட்ரோங்' என்று பெரிதாக அச்சிட்டிருக்கிறார்கள். 2006ஆம் ஆண்டின் 27ஆம் இலக்கச் சட்டம் மதுசார விளம்பரத்தைத் தடை செய்கிறது. தொலைக்காட்சியும் பத்திரிகையும் மூடப்பட்ட பிறகு கானே விளம்பரப் பலகையாகிவிட்டது. அதே சட்டம் 21 வயதுக்குக் குறைந்தவருக்கு மதுசாரம் விற்பதையும் தடுக்கிறது. ஆனால் கூட்டத்தில் 22 வயதான ஒருவர் இருந்தால் போதும், எல்லோருக்கும் கான் வந்துவிடும் என்பது எல்லோருக்கும் தெரிந்த விஷயம்.

வரியைப் பற்றியும் ஒன்று சொல்ல வேண்டும். 2017 நவம்பர் வரவு செலவுத் திட்டத்தில் அப்போதைய நிதியமைச்சர் மங்கள சமரவீர, மதுவரியை மதுசார அளவின் அடிப்படைக்கு மாற்றினார். பியரின் விலை இறங்கியது. கடும் மதுவிலிருந்து மக்களை மென்மையான பானத்துக்குத் திருப்பலாம் என்பதே அதற்குச் சொல்லப்பட்ட நியாயம். 4.8 வீத லாகருக்கு அந்த நியாயம் ஓரளவு பொருந்தும். 8.8 வீதத்துக்கு எப்படிப் பொருந்தும்? பெயரில் மென்மை, உள்ளே கடுமை என்றால், மக்கள் எதிலிருந்து எதற்குத் திரும்பினார்கள்?

உடம்பின் கணக்கு இப்படி. 8.8 வீத 500 மில்லிலீற்றர் கான் ஒன்றில் ஏறக்குறைய 35 கிராம் மதுசாரம் இருக்கிறது. வளர்ந்த ஒருவரின் ஈரல் மணித்தியாலத்துக்கு 7 முதல் 10 கிராம்வரைதான் எரிக்கும். ஒரு கானுக்கே மூன்றரை முதல் ஐந்து மணித்தியாலம். இரண்டு கானுக்கு ஏழு முதல் பத்து. இரவு பதினொரு மணிக்கு இரண்டாவது கானை முடித்தவர் காலை ஏழு மணிக்கு மோட்டார் சைக்கிளை எடுக்கும்போதும் மதுசாரம் உடம்பில் இருக்கக்கூடும். தேசிக்காய்த் தண்ணீரும் பிளேன்ரீயும் தலையிடியைக் குறைக்கலாம். ஈரலின் வேகத்தை அவை கூட்டுவதில்லை.

நீண்ட காலத்துக்கு வந்தால், உலக சுகாதார அமைப்பின் புற்றுநோய் ஆய்வு முகவரகம் 1988இலேயே மதுபானங்களை மனிதருக்குப் புற்றுநோய் உண்டாக்குபவை என்ற முதலாம் பிரிவில் சேர்த்துவிட்டது. பியருக்கு அதில் விதிவிலக்கு இல்லை. அமெரிக்காவின் அப்போதைய 'சர்ஜன் ஜெனரல்' விவேக் மூர்த்தி 2025 ஜனவரியில் வெளியிட்ட அறிவுறுத்தல், மார்பு, ஈரல், பெருங்குடல், வாய், தொண்டை, குரல்வளை, உணவுக்குழாய் என ஏழு இடங்களின் புற்றுநோயோடு மதுசாரத்தைத் தொடர்புபடுத்தியது. பானங்களின் லேபலில் அதை எழுத வேண்டும் என்றும் அவர் கேட்டார்.

வெள்ளவத்தைக்கென்று தனியாக ஓர் ஆபத்தும் உண்டு. மரைன் டிரைவுக்கும் கடலுக்கும் இடையில் கரையோர ரயில் பாதை ஓடுகிறது. பாதையைத் தாண்டினால் கருங்கற்கள், அதற்கப்பால் அலை. நிதானம் உள்ளவருக்கே இரவில் அந்த இடத்தில் கவனம் வேண்டும். அலை இரைச்சலில் ரயில் சத்தம் பிந்தித்தான் காதில் விழும். இரண்டு கானுக்குப் பிறகு கால் இன்னும் பிந்தும்.

புகையிலை மற்றும் மதுசாரம் மீதான தேசிய அதிகார சபையிடம் கேட்க வேண்டியது இதுதான்: வீதத்தோடு சேர்த்து, ஒரு கானுக்குள் எத்தனை கிராம் மதுசாரம் என்பதையும் மூன்று மொழியிலும் பெரிதாக அச்சிட வையுங்கள், 'ஸ்ட்ரோங்' என்ற சொல்லை விற்பனைச் சொல்லாக அனுமதிப்பது 2006இன் சட்டத்தோடு ஒத்துப்போகிறதா என்று பாருங்கள். பெற்றோரிடம் கேட்பது இன்னும் சுலபமானது. அடுத்த முறை வீட்டில் ஒரு கான் கண்ணில் பட்டால் மில்லிலீற்றரை வீதத்தால் பெருக்கி நூறால் வகுத்துப் பாருங்கள். வரும் விடையைப் பிள்ளையிடம் சாராயக் கணக்கில் சொல்லுங்கள்.